பறையும் தஃபும்: கே.ஏ. குணசேகரனின் இசைவாழ்வு – ஒரு மதிப்பீடு

2016-ஆம் ஆண்டு தமிழ்ப் பாட்டுலகுக்கு இரு பேரிழப்புகளைத் தந்தது. அவ்வாண்டு ஜனவரி 17-இல் நாட்டார் பாடகரும் நாடக ஆசிரியரும் ஆய்வாளருமான முனைவர் கே.ஏ. குணசேகரன் புதுச்சேரியில் காலமானார். டிசம்பர் முதல் நாள் கவிஞர் இன்குலாப் மறைந்தார். ஒருவர் எழுதிய பாட்டை மற்றவர் பாட, 'மனுசங்கடா' என்னும் அப்பாட்டு தமிழகத்தின் ஒடுக்கப்பட்ட மக்களுக்கெல்லாம் பொதுக்குரலாயிற்று. எழுதியவர் கீழக்கரையில் முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். பாடியவரோ முஸ்லிம்கள் நிறைந்து வாழும் இளையான்குடியை அடுத்த மாரந்தையில் தலித் குடும்பத்தில் பிறந்தவர். இருவரும் பிறந்த அந்நாளில் இவ்விரண்டு ஊர்களும் பழைய இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்தவையே.

இவர்களைப் பற்றி இஸ்லாமியப் பண்பாட்டு ஏடொன்று ஏன் பேச வேண்டும் என்று சிலர் வினவலாம். இன்குலாப் கொள்கையால் நம்மை விட்டு விலகிச் சென்றவர். அதை அவர் மறைத்ததுமில்லை. குணசேகரன் நம் சமயத்தவர் அல்லர். எனினும் அவ்விருவரும் சேர்ந்து எழுப்பிய கேள்வி நமக்கும் உரியது. மனிதன் மனிதனாக மதிக்கப்படுகிறானா என்பதே அக்கேள்வி. அதற்கு விடை தம்மிடம் இருப்பதாகப் பறைசாற்றிக்கொள்ளும் சமுதாயம், கேள்வி கேட்பவரின் குரலைச் செவிமடுக்கக் கடமைப்பட்டது. குணசேகரனின் இசைவாழ்வை அந்நோக்கிலேயே இங்கு மதிப்பிடுகிறோம்.

வாழ்வும் பணியும்

குணசேகரன் 1955 மே 12-இல் பிறந்தார். இளையான்குடியில் பள்ளிக் கல்வி பெற்றுச் சிவகங்கையிலும் மதுரையிலும் மேற்படிப்பைத் தொடர்ந்தார். மதுரையில் நாட்டார் கலைகளை ஆய்ந்து முனைவர் பட்டம் பெற்றார். மாணவப் பருவத்திலேயே இடதுசாரி இயக்க மேடைகளில் பாடத் தொடங்கியவர் அவர். பின்னர் 'தன்னானே' என்னும் கலைக்குழுவை அமைத்து, வயல்வெளியிலும் இழவு வீட்டிலும் கோயில் கொடையிலும் வழங்கிவந்த பாடல்களைத் திரட்டி மேடையேற்றினார். திரட்டிய மெட்டுகளில் புதிய சொற்களைப் புனைந்தும் பாடினார். பிற கவிஞர்களின் வரிகளுக்கு நாட்டார் நடையில் இசை தந்தார். புதுவைப் பல்கலைக்கழகத்தின் சங்கரதாஸ் சுவாமிகள் நிகழ்கலைப் பள்ளியில் பேராசிரியராகப் பணியாற்றினார். சென்னையிலுள்ள உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் சில ஆண்டுகள் பொறுப்பு வகித்தார்.

'நகர்சார் நாட்டுப்புறப் பாடல்கள்', 'சேரிப்புறவியல்' முதலான ஆய்வு நூல்களும், 'பலி ஆடுகள்' முதலான நாடகங்களும், 'வடு' என்னும் தன்வரலாறும் அவருடைய எழுத்துப்பணியில் குறிப்பிடத்தக்கவை. 'வடு' 2009-இல் ஆங்கிலத்திலும் பெயர்க்கப்பட்டது. தமிழில் தலித் ஒருவர் தம் பெயரிலேயே, புனைவுப் போர்வையின்றி எழுதிய வாழ்க்கை வரலாறுகளில் அது முன்வரிசையில் நிற்பது.

புதுவையிலிருந்து விழுப்புரத்திற்கும் திண்டிவனத்திற்கும் ஏறத்தாழ 40 கிலோமீட்டர் தொலைவே. ஆகவே அவருடைய பிற்கால வாழ்வு நாம் வாழும் இந்நிலப்பகுதியை ஒட்டியே கழிந்தது எனலாம். இந்நிலத்தின் தன்மையை வாசகர்க்கு நினைவூட்டுவது தகும். இங்கே ஊர் ஒருபுறம், காலனி ஒருபுறம். இடையில் ஓர் ஏரியோ வயலோ சாலையோ கிடக்கும். 1978 ஜூலையில் விழுப்புரம் நகரில் 12 தலித் மக்கள் கொல்லப்பட்டனர். பெயரளவில் தாலுகா நகராக இருந்த ஊரின் பெயர், அந்நிகழ்வால் நாடெங்கும் அறியப்பட்டது. இப்பகுதியில் 'மனுசங்கடா' என்ற பாட்டு ஒலிபெருக்கியில் கேட்கும்போது அதை வெறும் கலைநிகழ்ச்சியாக எவரும் கேட்பதில்லை.

'நாட்டுப்புறம்' என்ற சொல்

குணசேகரனின் சிந்தனைப் பங்களிப்பில் முதன்மையானது, அவர் ஒரு சொல்லின் மீது எழுப்பிய ஐயம். கிராமத்துப் பாடல்களை ஆய்ந்தோர் நெடுங்காலமாக அவற்றை 'நாட்டுப்புறப் பாடல்' என்றே வழங்கினர். கேட்பதற்கு அது இனிய சொல். கிராமம் என்பது ஒரே குடும்பம், அங்குள்ளோர் அனைவரும் ஒரே குரலில் பாடினர் என்ற மயக்கத்தை அச்சொல் உண்டாக்குகிறது. உண்மையில் நடவுப்பாட்டைப் பாடியவள் வேறு, வரப்பில் குடைபிடித்து நின்று கேட்டவர் வேறு. ஒப்பாரிக்குக் கூலி பெற்றவள் வேறு, இழவு வீட்டார் வேறு. தப்பு அடித்தவர் ஒரு தெருவில் இருந்தார். அதன் ஓசைக்கு ஆடிய சாமி மற்றொரு தெருவில் இருந்தது. இவ்வேற்றுமையை மறைக்காமல் பெயரிலேயே வைக்க வேண்டும் என்று கருதியே அவர் 'சேரிப்புறவியல்' என்றார்.

அரபு இலக்கியம் பயின்றோர்க்கு இவ்வாதம் புதிதன்று. ஜாஹிலிய்யாக் காலக் கவிதைகளைத் திரட்டிய பிற்காலத்து அறிஞர்கள், ஒரு பாட்டு எக்குலத்தாரிடமிருந்து வந்தது, அதைச் சொன்னவர் யார், அறிவித்தவர் யார் என்று துருவித் துருவிக் கேட்டனர். ஹதீஸ் கலையிலோ, செய்தியின் மதிப்பே அதன் அறிவிப்பாளர் வரிசையில் தங்கியிருக்கிறது. 'மக்கள் பாடினர்' என்று பொத்தாம் பொதுவாகச் சொல்வதை நம் மரபு ஏற்பதில்லை. பாட்டுக்கும் ஓர் 'இஸ்னாது' உண்டு என்று குணசேகரன் நமக்கு நினைவூட்டினார் என்றே கொள்ளலாம். அவர் அச்சொல்லைப் பயன்படுத்தவில்லை; ஆயினும் அவர் கோரியது அதுவே.

தோலின் மீது ஏறிய தீட்டு

இனி அவருடைய இசைக்கு வருவோம். 'தன்னானே' குழுவின் முதுகெலும்பு தோற்கருவிகளே. தப்பு எனவும் பறை எனவும் வழங்கும் கருவிக்கு அவர் மேடையின் நடுவிடத்தை அளித்தார். வட்ட மரச்சட்டம், அதன் ஒருபுறம் இழுத்துப் பொருத்திய தோல், அடிக்குச்சி, சுண்டுக்குச்சி என இரு குச்சிகள், தோலை விறைப்பேற்றச் சிறிது நெருப்பு. இவ்வளவே அக்கருவியின் உடைமை. இந்த எளிய கருவியின் மீதுதான் தமிழகம் நூற்றாண்டுகளாகத் தீட்டைச் சுமத்தி வைத்திருக்கிறது.

தொல்காப்பியர் காலத்தில் நிலைமை வேறாயிருந்தது. தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை ஆகியவற்றோடு பறையையும் ஒவ்வொரு நிலத்திற்கும் உரிய கருப்பொருளாக அவர் எண்ணுகிறார். பறை இல்லாத திணை இல்லை. புறநானூற்றில் பறையன் ஒரு குடியினனாகச் சிறப்போடு சுட்டப்படுகிறான். அக்கருவி சாவுச் செய்தி சொல்லவும், ஏவலுக்கு முழங்கவும் மட்டுமே உரியது என்றும், அதை அடிப்பவன் வாசலுக்கு வெளியே நிற்க வேண்டியவன் என்றும் ஆனது பிற்காலத்தில்.

இதனோடு ஒப்பிட நம்மிடம் ஒரு கருவி உண்டு. தஃபும் ஒருபுறம் தோல் போர்த்த வட்டச் சட்டமே. அதுவும் நெருப்பில் காய்ச்சி இறுக்கப்படுவதே. நம் தெருக்களில் பக்கீர்கள் தட்டிவரும் தாயிராவும் அவ்வினத்தைச் சேர்ந்தது. அண்ணல் நபி (ஸல்) அவர்களின் இல்லத்தில் பெருநாளன்று இரு சிறுமியர் பாடியதும், அபூபக்ர் (ரலி) அவர்கள் அதைக் கடிந்ததும், பெருநாளாதலால் அவர்களை விட்டுவிடுமாறு நபியவர்கள் கூறியதும் புகாரியில் பதிவாகியுள்ளன. ருபைய்யிஉ பின்த் முஅவ்வித் (ரலி) அவர்களின் மணவீட்டு நிகழ்ச்சி இன்னும் நுட்பமானது. அங்குச் சிறுமியர் தஃப் தட்டி, பத்ரில் வீழ்ந்த தம் முன்னோர்க்காக இரங்கிப் பாடினர். இடையே ஒருத்தி, நாளை நடப்பதை அறியும் நபி நம்மிடையே இருக்கிறார் என்ற கருத்துப்படப் பாடினாள். நபியவர்கள் அந்த ஓர் அடியை மட்டும் விடச் சொல்லி, முன்பு பாடியதைத் தொடரச் சொன்னார்கள்.

இந்நிகழ்ச்சியில் இரண்டு செய்திகள் உள. மணவீட்டுத் தஃபில் மரணத்தின் இரங்கலும் ஒலித்தது. ஒரே தோல் இன்பத்துக்கும் துன்பத்துக்கும் அதிர்ந்தது. அதனால் அக்கருவி தீட்டாகவில்லை. அடுத்து, நபியவர்கள் திருத்தியது சொல்லை, விலக்கியது பொய்ப்புகழ்ச்சியை. கருவியையோ, அதைத் தட்டிய கையையோ இழிவாக்கவில்லை.

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் தம் 'இஹ்யா உலூமித்தீன்' நூலில், பாட்டுக் கேட்டல் பற்றிய பகுதியில் இக்கேள்வியை முறைப்படி ஆராய்கிறார்கள். சில கருவிகள் ஏன் விலக்கப்பட்டன என்பதற்கு அவர்கள் காட்டும் காரணம் ஓசையின் இனிமையன்று. குயிலின் குரலும் இனியதே. அக்கருவிகள் குடிகாரர் அவைகளின் அடையாளமாக இருந்தமையே காரணம். கருவியின் குற்றம் அதன் கூட்டாளிகளின் குற்றம். தஃபும் பேரிகையும் அவ்வகையைச் சேராமையால் அவற்றுக்கு இடமளிக்கிறார்கள். நம் பகுதியில் பெரும்பாலோர் பின்பற்றும் ஹனஃபி மத்ஹபின் நூல்களில் இசையைப் பற்றிய பேணுதல் இன்னும் கடுமையானது. திருமணத்தை ஊரறியச் செய்யும் தஃபுக்கு அங்கும் அனுமதி உண்டு. சட்டத் தீர்ப்பு இக்கட்டுரையின் பொருளன்று. தீர்ப்புக்கு அடிப்படையான காரணத்தையே நாம் கவனிக்கிறோம்.

ஃபிக்ஹு விதிக்கும் தடை ஒரு செயலைப் பற்றியது. குடி ஒரு செயல். அதை விட்டவன் அத்தடையின் நிழலிலிருந்து வெளியேறலாம். பறையின் மீது சாதி விதித்த தடையோ பிறப்பைப் பற்றியது. அதை அடிப்பவன் குடியாதவனாயினும், கல்லாதவன் கற்றவனாயினும், பேராசிரியனே ஆயினும் அது நீங்குவதில்லை. முன்னது விலக்கல், பின்னது இழிவு. இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதி, 'நாங்களும் இசையை விலக்குகிறோம், அவர்களும் பறையை விலக்குகிறார்கள்' என்று பேசுவோர் நம்மிடையே உண்டு. அவர்கள் தடையின் காரணத்தைக் காணத் தவறுகின்றனர்.

அடிப்பதா, எறிவதா?

பறையைப் பற்றி ஒடுக்கப்பட்ட மக்களிடையே ஒரு பெரும் விவாதம் நிகழ்ந்தது. அம்பேத்கர் நூற்றாண்டை ஒட்டிய 1990-களில் அது வலுப்பெற்றது. சாவுக்குப் பறையடிக்க மாட்டோம் என்று பல காலனிகளில் இளைஞர்கள் மறுத்தனர்; கருவியையே உடைத்தெறிந்தோரும் உண்டு. மறுத்தவர்கள் அதற்குரிய விலையையும் கொடுத்தனர். அவர்களுடைய நியாயம் எளிது: கட்டாயத்தின் பேரில் அடிக்கப்படுவது கலையாகாது; அது அடிமைத் தொழில். அதே காலத்தில் மற்றொரு சாரார், பறையை ஆதித்தமிழரின் இசை என்று கூறி மேடையில் ஏற்றினர். குணசேகரன் இவ்விரண்டாம் சாராரின் முன்னோடிகளுள் ஒருவர்.

இவ்விரண்டில் எது சரி? அவசரப்பட்டு ஒன்றைத் தேர்வது முறையன்று. மறுப்பவர் கருவியின் இழிந்த பயனை ஒழிக்கிறார். மேடையேற்றுபவர் கருவியின் மீதேறிய இழிவை ஒழிக்க முயல்கிறார். முன்னவர் இல்லையேல் பின்னவரின் முழக்கம் பொழுதுபோக்காகச் சுருங்கும். பல்கலைக்கழக அரங்கில் பறை கைதட்டல் பெறும் அதே இரவில், ஏதோ ஒரு சிற்றூரில் அதே கருவிக்காக ஒருவர் வாசலில் நிறுத்தப்படுவார். பின்னவர் இல்லையேல், மறுத்தவரின் பிள்ளைகள் தம் மூதாதையரின் இசை முழுவதையுமே வெட்கத்தின் பொருளாகக் கருதிக் கைவிடுவர். குணசேகரனின் சிறப்பு, இந்த இரட்டை நெருக்கடியை அவர் உணர்ந்திருந்தார் என்பதே. அவர் பறையைத் தனியே காட்சிப்பொருளாக்கவில்லை. அதனோடு மறுப்பின் சொல்லையும் சேர்த்தே பாடினார். 'மனுசங்கடா'வின் தாளம் கட்டாயத்தால் எழுந்த தாளமன்று. கட்டாயத்தை மறுத்தவன் விரும்பி எழுப்பிய தாளம்.

'மனுசங்கடா': ஒரு சொல்லாராய்ச்சி

அப்பாட்டின் ஆற்றல் அதன் தலைப்புச் சொல்லிலேயே அடங்கியிருக்கிறது. 'அடா' என்னும் விளி தமிழில் இருமுகம் உடையது. நெருங்கிய தோழனை அழைப்பதும் அதனாலேயே. தாழ்ந்தவன் எனக் கருதியவனை ஏவுவதும் அதனாலேயே. ஊர்த்தெருச் சிறுவன் ஒருவன் சேரியின் முதியவரை 'டா' போட்டு அழைப்பதும், அம்முதியவர் அச்சிறுவனை 'ஐயா' என்பதும் இந்நாட்டின் நெடுநாள் வழக்கம். அந்த 'டா'வைக் கேட்டே வளர்ந்தவர்கள் அதைத் திருப்பி வீசுகிறார்கள். வசை சேர்க்கவில்லை, மிரட்டவில்லை. 'மனிதர்கள்' என்ற சொல்லோடு அவ்விகுதியை ஒட்டிவிடுகிறார்கள். எதிரியை இழிப்பதற்கு அன்று, அவனைத் தம்மோடு சமதளத்தில் நிறுத்துவதற்கு.

இன்னொரு நுட்பம். தமிழில் தன்மைப் பன்மை இருவகைப்படும். கேட்பவனையும் உள்ளடக்குவது 'நாம்'. அவனை விலக்குவது 'நாங்கள்'. அரபு மொழியில் இவ்வேறுபாடு இல்லை. 'நஹ்னு' என்ற ஒரே சொல் இரண்டையும் குறிக்கும். இன்குலாப் 'நாம்' என்று எழுதியிருந்தால் அது அறிவுரையாகியிருக்கும். எல்லாரும் மனிதர்களே என்ற பொதுமொழியாகிக் கரைந்திருக்கும். அவர் தேர்ந்தது 'நாங்க'. மனிதர் என்பதில் கேட்பவனுக்கு ஏற்கெனவே ஐயமில்லை, தன்னைப் பொறுத்தவரை. ஐயம் எல்லாம் எதிரே நிற்பவரைப் பற்றியே. எனவே அவர்கள் தம்மைப் பற்றி மட்டும் சாட்சி சொல்கிறார்கள்.

எழுத்தில் இவ்வளவும் உண்டு. எனினும் அது அச்சில் கிடந்திருந்தால் கவிதை வாசகர் சில நூறு பேரோடு நின்றிருக்கும். குணசேகரனின் கணீரென்ற குரல் அதை எழுத்தறியாதவர் வாய்க்குக் கொண்டு சேர்த்தது. பயிற்சியால் மென்மையாக்கப்பட்ட குரலன்று அது. திறந்த வெளியில் வயலுக்கு அப்பால் இருப்பவரை அழைக்கும் தொண்டை. சங்கீத மேடையின் மெருகை அவர் வேண்டுமென்றே தவிர்த்தார் என்பதை அவர் பாட்டைக் கேட்ட எவரும் உணர்வர். சொல்லை நீட்டி அழகு காட்டாமல், தாளத்தின் மேல் சொல்லை அறைந்தார். கேட்பவர் இரண்டாம் முறையிலேயே உடன்பாடும்படியாக அமைந்த எளிய கட்டமைப்பு, நாட்டார் பாட்டின் பின்பாட்டு மரபிலிருந்து வந்தது.

இவ்விடத்தில் நம் நாகூர் ஈ.எம். ஹனிஃபாவை எண்ணாதிருக்க இயலவில்லை. 2015 ஏப்ரலில் அவர் மறைந்தார். இருவருமே ஒலிபெருக்கி தேவைப்படாத குரலினர். இருவருமே இயக்க மேடைகளில் வளர்ந்தவர்கள். ஹனிஃபாவின் உயர்ந்த பாடல்கள் முனாஜாத்தின் வழியில் அமைந்தவை; அடியான் தன் இறைவனோடு பேசுவது. குணசேகரனின் உயர்ந்த பாடல்கள் மனிதன் மனிதனை நோக்கிப் பேசுவன. நம் மார்க்கம் கடமைகளை ஹுகூகுல்லாஹ், ஹுகூகுல் இபாத் என இரண்டாகப் பகுக்கிறது. இறைவனுக்குரிய கடமையில் தவறியவனை அவன் நாடினால் மன்னிப்பான். அடியாருக்குரிய உரிமையைப் பறித்தவனோ, பறிகொடுத்தவர் மன்னிக்கும்வரை விடுபட முடியாது. முதல் வகைக்குரிய பாட்டு நம்மிடம் நிறைய உண்டு. இரண்டாம் வகைக்குரிய பாட்டைப் பிறர் பாட நாம் கேட்கிறோம். அநீதி இழைக்கப்பட்டவனின் முறையீட்டுக்கும் அல்லாஹ்வுக்கும் இடையே திரையில்லை என்று ஹதீஸ் கூறுகிறது. முறையிடுபவன் முஸ்லிமாக இருந்தால் மட்டுமே என்று மார்க்க அறிஞர்கள் அதைச் சுருக்கவில்லை.

பலியும் பதிலியும்

'பலி ஆடுகள்' நாடகத்தைப் பற்றியும் ஒரு சொல். தமிழின் முதல் தலித் நாடகங்களுள் ஒன்றாக அது போற்றப்படுகிறது. ஊரின் நலனுக்காகச் சேரியிலிருந்து ஒருவனைப் பலியிட வேண்டும் என்கிறது அதிகாரம். குறிக்கப்பட்டவனுக்குப் பதிலாக இறுதியில் அவன் மனைவி பலிக்களத்தில் நிற்கிறாள். ஒடுக்குபவனை மட்டும் சாடிவிட்டுப் போவது நாடகாசிரியருக்கு எளிதாக இருந்திருக்கும். ஒடுக்கப்பட்டவனும் தன் வீட்டில் ஒருத்தியை ஒடுக்குகிறான் என்பதைத் தம் மக்கள் முன்னிலையிலேயே சொன்ன நேர்மை பாராட்டத்தக்கது.

இப்ராஹீம் (அலை) அவர்களின் தியாகத்தில் மனிதனுக்குப் பதிலாக ஆடு வந்தது. மனிதன் மனிதனால் பலியிடப்படக் கூடாது என்பதன் நிலையான அடையாளமாக ஆண்டுதோறும் நாம் குர்பானி கொடுக்கிறோம். இந்நாடகத்தில் ஆட்டுக்குப் பதிலாக மனிதனும், ஆணுக்குப் பதிலாகப் பெண்ணும் வருகிறார்கள். நாடகத்தின் தலைப்பு நம் செவியில் வேறொரு பொருளோடும் ஒலிப்பது இதனாலேயே.

குறைகள்

புகழ்ச்சி மட்டும் திறனாய்வாகாது. குணசேகரனின் கலைவாழ்வில் நமக்குத் தோன்றும் குறைகளையும் சொல்லியாக வேண்டும்.

முதலாவது, அவருடைய கலைஞரும் பேராசிரியரும் எப்போதும் இணங்கிப் போகவில்லை. நாட்டார் பாட்டு விளக்கத்தை வேண்டாதது. ஆய்வாளரோ விளக்காமல் இருக்க இயலாதவர். அவருடைய நாடகங்கள் சிலவற்றில் பாத்திரங்கள் தம் வாழ்வைப் பேசுவதை விட்டு ஆசிரியரின் கருத்தைப் பேசத் தொடங்கிவிடுகின்றன. அங்கே தாளம் தளர்கிறது.

இரண்டாவது, தொழிற்பாடல் மேடையேறும்போது நேரும் இழப்பு. நடவின் ஓசை நாற்று ஊன்றும் கையின் அசைவால் அளக்கப்படுவது. ஏற்றப்பாட்டு நீர்ச்சாலின் ஏற்ற இறக்கத்தால் அளக்கப்படுவது. மேடையில் அவ்வேலை இல்லை. ஆகவே பாட்டு விரைகிறது, கைதட்டலை நாடுகிறது. இது அவருக்கு மட்டும் உரிய குறையன்று. நாட்டார் கலையை மேடையேற்றிய அனைவர்க்கும் பொது. எனினும் இதைப் பற்றி மிகுதியாகச் சிந்தித்த ஒருவரிடம் இதற்கு மாற்று எதிர்பார்த்தோம்.

மூன்றாவது, ஒரு பாட்டின் வெற்றி மற்றவற்றை மறைத்தமை. மேடைதோறும் அவையினர் 'மனுசங்கடா'வைக் கேட்டனர், அவரும் பாடினார். அதன் நிழலில் அவருடைய மென்மையான இரங்கற் பாடல்கள் உரிய கவனம் பெறவில்லை. ஓங்கிய கையைப் போலவே தாழ்ந்த குரலும் போராட்டத்தைச் சேர்ந்ததே. இதில் பாடகரைவிட நாம், கேட்டவர்களே, மிகுதியும் பொறுப்பாளிகள்.

இளையான்குடி என்னும் கண்ணாடி

இறுதியாக 'வடு' பற்றி. அந்நூலில் நம் சமுதாயத்தார் விரும்பி மேற்கோள் காட்டும் பகுதி, இளையான்குடி முஸ்லிம்களோடு அவர் பழகிய இளமைக்காலம். தீண்டாமை அறியாத தெருக்களில், முறைவைத்து அழைத்துப் பழகும் உறவு அவருக்குக் கிடைத்தது. அருகிலிருந்த பிற சிற்றூர்களில் அடையாத மதிப்பை அங்கு அடைந்ததாக நன்றியோடு பதிவு செய்கிறார். மாறாக, சாதியைச் சொல்லி எழுந்து நிற்க நேர்ந்த கூச்சத்தைப் பள்ளி அவருக்குத் தந்தது. ஒரு தலித் சிறுவன் தன்னை மனிதனாக உணர்ந்த இடம் முஸ்லிம் தெரு என்பது நமக்குப் பெருமையே. மேடைகளிலும் ஜும்ஆ உரைகளிலும் இதை எடுத்துச் சொல்வோர் உண்டு.

ஆனால் அச்சான்றிதழ் இளையான்குடிக்கு, 1960-களின் அந்தத் தெருக்களுக்கு வழங்கப்பட்டது. அது நம் எல்லாருக்கும் எக்காலத்துக்கும் பொருந்துமா? நம் தெருவில் தாயிரா தட்டிவரும் பக்கீரின் பாட்டைக் கேட்கிறோம், காசும் தருகிறோம். அவர் மகனுக்கு நம் மகளைக் கொடுக்கிறோமா? முடிதிருத்தும் தொழிலைக் குலத்தொழிலாகக் கொண்ட நம் சகோதரர் தொழுகை வரிசையில் தோளோடு தோள் நிற்கிறார். திருமணப் பேச்சில் எங்கே நிற்கிறார்? புதிதாக இஸ்லாத்தைத் தழுவியவரின் பேரப்பிள்ளையையும் 'புதியவர்' என்றே குறிப்பிடும் வழக்கம் எத்தனை மஹல்லாக்களில் உள்ளது? ஒருவரை அவருடைய தாயைச் சுட்டி இழித்துப் பேசிய நபித்தோழர் ஒருவரைப் பார்த்து, அவரிடம் இன்னும் ஜாஹிலிய்யாவின் குணம் தங்கியிருப்பதாக நபியவர்கள் கண்டித்தார்கள். உயர்ந்த ஈமான் உடைய நபித்தோழரிடமே அது தங்கக்கூடுமெனில், நம்மிடம் தங்காது என்று எண்ணுவது எவ்வாறு?

ஆகவே 'வடு'வின் அப்பக்கங்கள் நமக்குப் பாராட்டிதழ் அல்ல, கண்ணாடி. அதில் தெரியும் முகம் நம் பாட்டனாருடையது. நம்முடையதா என்பதை நாமே பார்த்துக்கொள்ள வேண்டும்.

குணசேகரன் மறைந்த அதே 2016 ஜனவரியில், அப்போதைய நாகை மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் தலித் முதியவர் ஒருவரின் உடலைப் பொதுவழியில் கொண்டுசெல்ல எதிர்ப்பு எழுந்தது. உயர்நீதிமன்றம் அனுமதித்த பின்னும் அவ்வழி கிடைக்கவில்லை. அத்தகைய நிகழ்வைப் பொருளாகக் கொண்டு இயக்குநர் அம்ஷன் குமார் 2017-இல் எடுத்த திரைப்படத்துக்கு 'மனுசங்கடா' என்றே பெயரிட்டார். பாடியவர் போய்விட்டார், எழுதியவரும் போய்விட்டார். பாட்டின் தேவை மட்டும் போகவில்லை.

மதீனாவில் ஒரு பிரேதம் கடந்து சென்றபோது நபியவர்கள் எழுந்து நின்றார்கள். அது யூதர் ஒருவருடையது என்று தோழர்கள் நினைவூட்டினர். அதுவும் ஓர் உயிரல்லவா என்பதே அவர்கள் தந்த விடையின் கருத்து. 'மனுசங்கடா' என்ற கூவலுக்கு விடை பதினான்கு நூற்றாண்டுகளுக்கு முன்பே மதீனாவின் வீதியில் அளிக்கப்பட்டுவிட்டது. அவ்விடையை வைத்திருப்பவர்கள் நாம். கேள்வி கேட்டவர்களோ விழுப்புரத்துக் காலனிகளிலும் திண்டிவனத்து வயலோரங்களிலும் இன்னும் நிற்கிறார்கள். விடையை ஏட்டில் வைத்திருப்பதால் மட்டும் நம் கடன் தீராது. பறை முழங்கும் பிரேதம் நம் தெருவைக் கடக்கும் நாளில், நம் கடைகளிலும் திண்ணைகளிலும் எத்தனை பேர் எழுந்து நிற்கிறோம் என்பதைக் கொண்டே அது அளக்கப்படும்.